முகத்தை மறைப்பது யாருக்காக? மனநல மருத்துவமனை ஆவணப்படங்கள் பற்றி ஒரு விவாதம்

பூங்குழலி (இழையைத் தொடங்கியவர்)

வணக்கம். எங்கள் திரைப்படச் சங்கத்தில் அடுத்த மாதம் ஆவணப்பட வாரம். அதில் ஒரு நாளை மனநல மருத்துவமனைகளைப் பற்றிய படங்களுக்கு ஒதுக்கியிருக்கிறோம். அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் ஃபிரெடரிக் வைஸ்மனின் 'டிடிகட் ஃபாலிஸ்' படத்தைத் திரையிட வேண்டும் என்று நான் சொன்னேன். செயற்குழுவில் பாதிப் பேர் கூடவே கூடாது என்கிறார்கள். முடிவெடுப்பதற்கு முன் உங்கள் கருத்தைக் கேட்க விரும்புகிறேன்.

பார்க்காதவர்களுக்காகக் கொஞ்சம் விவரம். அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தில் பிரிட்ஜ்வாட்டர் என்ற ஊரில், குற்ற வழக்குகளில் சிக்கிய மனநோயாளிகளை அடைத்து வைக்கும் ஓர் இடம். பெயர் மருத்துவமனை, நடத்தியது சிறைத்துறை. வைஸ்மன் அப்போது சட்டக் கல்லூரி ஆசிரியர். மாணவர்களை அங்கே அழைத்துச் சென்று, தண்டனை என்றால் என்னவென்று நேரில் காட்டியவர். 1966இல் படம்பிடிக்க அனுமதி கொடுத்தவர் அந்த மருத்துவமனையின் கண்காணிப்பாளரேதான். மக்கள் நிலைமையைக் கண்ணால் பார்த்தால் அரசு பணம் ஒதுக்கும் என்று அவர் நம்பினார். 84 நிமிடங்கள், கறுப்பு வெள்ளை. பின்னணிக் குரலும் இல்லை, பேட்டியும் இல்லை.

எதிர்ப்புக்குக் காரணமான காட்சி ஒன்று இருக்கிறது. முன்பு பள்ளி ஆசிரியராக இருந்த ஒருவர், உடம்பில் ஒட்டுத்துணி இல்லாமல் அறைக்கும் முடிதிருத்தும் இடத்துக்கும் அழைத்துச் செல்லப்படுகிறார். "உன் அறை ஏன் அழுக்காக இருக்கிறது?" என்று காவலர்கள் கேட்கிறார்கள். இனி சுத்தமாக இருக்கும் என்கிறார். சரியாகக் கேட்கவில்லை, மறுபடி சொல் என்கிறார்கள். மறுபடி, மறுபடி. அவர் குரல் உயர்கிறது, கத்துகிறார். சவரம் செய்யும்போது உதட்டோரம் ரத்தம் வருகிறது. கடைசியில் வெற்றறையில் நின்று, கைகளால் தன்னை மறைத்துக்கொண்டு, தரையில் காலை ஓங்கி ஓங்கி மிதிக்கிறார். முகம் முழுதாகத் தெரிகிறது.

படம் எடுக்கலாமா என்று அவரிடம் யார் கேட்டார்கள் என்பது செயற்குழு உறுப்பினர் ஒருவரின் கேள்வி. என்னிடம் பதில் இல்லை.

---

கதிரவன்

திரையிட வேண்டும். ஆனால் ஒரு படத்தொகுப்பாளனாக எனக்கு அந்தப் படத்தில் உறுத்துவது நீங்கள் சொன்ன காட்சி அன்று. குழாய் வழியாக உணவு செலுத்தும் காட்சி.

சாப்பிட மறுக்கும் ஒரு முதியவர். அவர் மூக்கு வழியாக ரப்பர் குழாயைச் செலுத்துகிறார் மருத்துவர். வாயில் சிகரெட். அதன் நுனியில் சாம்பல் நீண்டுகொண்டே போகிறது; நேர்கீழே புனல். அந்தச் சாம்பல் விழுந்துவிடுமோ என்பதைத் தவிர வேறெதையும் நினைக்க முடியாமல் போகிறது. இது மட்டும் இருந்தால் போதும். வைஸ்மன் இதற்கு நடுநடுவே அதே மனிதரின் பிணத்துக்குச் சவரம் செய்வதையும், கண்களின் மேல் பஞ்சு வைப்பதையும் வெட்டி வெட்டிச் சேர்த்திருக்கிறார். செத்த பிறகு கிடைத்த கவனிப்பு உயிரோடு இருந்தபோது கிடைக்கவில்லை என்று படம் கையைப் பிடித்து இழுத்துச் சொல்கிறது. பின்னாளில் வைஸ்மனே இந்த வெட்டு அளவுக்கு மீறியது என்ற பொருளில் பேசியிருக்கிறார்.

பின்னணிக் குரல் இல்லாததாலேயே அது உள்ளதை உள்ளபடி காட்டும் படம் என்று நம் சங்கங்களில் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். எந்த ஷாட்டுக்குப் பக்கத்தில் எது வருகிறது என்பதும் பேச்சுதான். திரையிட்டால் இதையும் சேர்த்துப் பேசுங்கள்.

---

சரோஜா

நான் மனநலப் பிரிவில் செவிலியராக வேலை பார்த்து ஓய்வு பெற்றவள். இந்தப் படத்தை என் மகள் போட்டுக் காட்டினாள்.

மூக்குக் குழாய் போடும்போது நோயாளியை நிமிர்த்தி உட்கார வைக்க வேண்டும். விழுங்கச் சொல்லிச் சொல்லி, அவர் விழுங்கும் நேரம் பார்த்து உள்ளே தள்ள வேண்டும். குழாய் இரைப்பைக்குத்தான் போயிருக்கிறதா, மூச்சுக்குழாய்க்குப் போயிருக்கிறதா என்று உறுதி செய்யாமல் ஒரு சொட்டுக்கூட ஊற்றக் கூடாது. நுரையீரலுக்குள் போனால் ஆளே போய்விடுவார். அந்த மருத்துவர் பேசிக்கொண்டே ஊற்றுகிறார். தம்பி கதிரவன் வெட்டைப் பற்றி எழுதியிருக்கிறார். என் கண்ணுக்கு அந்தக் கைகள்தான் தெரிந்தன. பழகிப்போன கைகள். தினமும் அப்படியே செய்து, கேட்க ஆளில்லாத கைகள்.

ஆசிரியரைச் சீண்டும் காட்சி பற்றி: அது அமெரிக்காவில் மட்டும் நடப்பதில்லை. ஒரே கேள்வியைத் திரும்பத் திரும்பக் கேட்டு ஒருவரைக் கத்த வைப்பதைப் பொழுதுபோக்காகச் செய்த ஊழியர்களை நான் பார்த்திருக்கிறேன். அவர் கத்தியதும் 'ஆவேசமாக இருந்தார்' என்று குறிப்பேட்டில் எழுதுவார்கள். ஏன் ஆவேசப்பட்டார் என்பது எந்த ஏட்டிலும் ஏறாது. அது கேமராவில் ஏறியிருக்கிறது என்பதால் இந்தப் படத்துக்கு நான் நன்றி சொல்வேன்.

ஆனாலும் ஒன்று. இரவுப் பணியில் ஒரு வார்டுக்கே ஒருத்தி நிற்கும் நிலையையும் யாராவது படமாக எடுக்க வேண்டும். காவலரை மட்டும் அரக்கனாகக் காட்டினால், ஆள் போடாத நிர்வாகம் தப்பித்துக்கொள்ளும்.

---

இளங்கோ

வழக்கைப் பற்றிச் சொல்கிறேன். கேள்வியின் முடிச்சு அங்கேதான் இருக்கிறது.

1967இல் படம் நியூயார்க் திரைப்பட விழாவுக்குப் போகும்போதே மாசசூசெட்ஸ் அரசு தடை கேட்டு நீதிமன்றம் சென்றது. நோயாளிகளின் அந்தரங்கம் மீறப்பட்டது என்பது முதன்மையான வாதம். 1968இல் விசாரணை நீதிபதி, பிரதிகளை எல்லாம் அழித்துவிட வேண்டும் என்றே தீர்ப்பளித்தார். 1969இல் மாநில உச்ச நீதிமன்றம் அதைத் தளர்த்தியது: மருத்துவர், வழக்கறிஞர், நீதிபதி, சமூகப் பணியாளர், இத்துறை மாணவர் போன்றோர் பார்க்கலாம், பொதுமக்கள் பார்க்கக் கூடாது. ஆபாசம், தேசப் பாதுகாப்பு என்ற காரணங்கள் இல்லாமல் அமெரிக்காவில் தடைசெய்யப்பட்ட முதல் படம் என்று இதைக் குறிப்பிடுவார்கள். 1991 வரை அந்தத் தடை நீடித்தது. 1992இல் பொதுத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பானது.

ஒரு மனிதரை அம்மணமாக அறையில் பூட்டி வைத்தபோது அவருடைய அந்தரங்கம் அரசின் நினைவுக்கு வரவில்லை. அதை வெளியுலகம் பார்த்ததும் வந்துவிட்டது. அந்தரங்க உரிமை நோயாளியினுடையது. அதைக் கையில் எடுத்து நிறுவனம் தன் முகத்தை மூடிக்கொள்வதற்குச் சட்டம் துணைபோனது.

1987இல் நடந்ததையும் சொல்ல வேண்டும். அதே பிரிட்ஜ்வாட்டரில் இறந்துபோன ஒருவரின் குடும்பத்துக்காக வழக்காடிய வழக்கறிஞர், இந்தப் படம் பொதுமக்களிடமிருந்து மறைக்கப்பட்டதற்கும் இருபது ஆண்டுகள் கழித்துத் தன் கட்சிக்காரர் இறந்ததற்கும் நேரடித் தொடர்பு உண்டு என்றார். அந்த மனிதர் இரண்டரை மாதம் கட்டி வைக்கப்பட்டிருந்தவர். படம் ஓடியிருந்தால் அவர் பிழைத்திருப்பாரா என்று யாராலும் நிரூபிக்க முடியாது. ஆனால் எனக்கு அந்த வாதம் சரி என்றே படுகிறது.

நம் நாட்டுச் சட்டமும் இருக்கிறது. 2017ஆம் ஆண்டின் மனநலப் பராமரிப்புச் சட்டம், 24ஆம் பிரிவு: சிகிச்சையில் இருப்பவரின் படத்தையோ தகவலையோ அவருடைய ஒப்புதல் இல்லாமல் ஊடகத்துக்குத் தரக் கூடாது. 'அவருடைய' என்ற சொல்லைக் கவனியுங்கள். கண்காணிப்பாளருடைய ஒப்புதல் என்று சட்டம் சொல்லவில்லை.

---

முருகையன்

என் அண்ணனுக்கு மனச்சிதைவு. வீட்டில் வைத்துப் பார்க்க முடியாத காலத்தில் ஒரு இல்லத்தில் சேர்த்திருந்தோம். பெயர் வேண்டாம். அங்கே ஒரு தொலைக்காட்சிக் குழு வந்து படம் எடுத்துப் போனது. எங்களுக்குத் தகவல் இல்லை.

முகத்தைக் கட்டம் கட்டமாக மறைத்துத்தான் போட்டார்கள். ஆனால் அண்ணன் இடது தோளைச் சாய்த்து நடப்பார். அந்தக் கோடுபோட்ட சட்டை, போன பொங்கலுக்கு நான் எடுத்துக் கொடுத்தது. எங்கள் தெருவில் அவரை அடையாளம் தெரியாதவர் ஒருவரும் இல்லை. மறுநாள் மளிகைக் கடையில் என்னிடமே கேட்டார்கள். தங்கைக்கு வந்துகொண்டிருந்த வரன் நின்றுபோனது. காரணம் சொல்லவில்லை, எங்களுக்குத் தெரியும்.

கோபம் அதைப் பற்றியும் அல்ல. அந்தக் காட்சியில் அண்ணன் எதையோ சொல்ல வருகிறார். வாய் அசைகிறது. அவர் குரலை அமுக்கிவிட்டு அதன்மேல் சோகமான வயலின் ஓட விட்டிருந்தார்கள். என்ன சொன்னார் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. பிறகு கேட்டபோது அவருக்கும் ஞாபகம் இல்லை.

---

பூங்குழலி

முருகையன் அண்ணா, எழுதியதற்கு நன்றி. நீங்கள் சொல்வதைப் படித்ததும் ஜப்பானிய இயக்குநர் கசுஹிரோ சோடாவின் 'மென்டல்' நினைவுக்கு வந்தது. 2008இல் வந்த படம். ஒகயாமா நகரில் வீடு போலவே இருக்கும் ஒரு சிறிய மனநல மருத்துவமனை. ஜப்பானிலும் இத்தகைய படங்களில் முகத்தைக் கட்டம்போட்டு மறைப்பதுதான் வழக்கம். சோடா மறுத்துவிட்டார். கட்டம் பாதுகாப்பது படம் எடுப்பவனைத்தான், நோயாளியை அல்ல என்பது அவர் வாதம். முகத்தை மறைத்துவிட்டால் அவரைப் பற்றி எப்படி வேண்டுமானாலும் காட்டலாம், அவர் வந்து கேட்க மாட்டார். மேலும், மறைக்கப்பட்ட முகம் 'இவர்கள் பார்க்கத் தகாதவர்கள்' என்ற எண்ணத்தைத்தான் வலுப்படுத்தும் என்கிறார்.

அதனால் காத்திருக்கும் அறையில் ஒவ்வொருவரிடமும் தானே போய்க் கேட்டிருக்கிறார். பெரும்பாலானோர் மறுத்துவிட்டார்கள். சம்மதித்த சிலர்தான் படத்தில் இருக்கிறார்கள். சம்மதித்ததாலேயே அவர்கள் பேசும் விதம் வேறாக இருக்கிறது. ஒரு பெண் தன் கைக்குழந்தை தன் கையாலேயே இறந்துபோனதைப் பற்றிச் சொல்கிறார். கேமரா அசையவில்லை, இசை இல்லை, அவர் முடிக்கும் வரை காத்திருக்கிறது.

பிரெஞ்சு இயக்குநர் நிகோலா ஃபிலிபேரும் இப்படித்தான். லா போர்த் மருத்துவமனையில் 1990களில் படம் எடுக்கத் தயங்கியவரை, எடுங்கள் என்று ஊக்கப்படுத்தியவர்களில் அங்கிருந்த நோயாளிகளும் உண்டு. பாரிஸில் சேன் நதியில் மிதக்கும் பகல்நேர மையத்தைப் பற்றிய அவருடைய 'ஆன் தி அடமான்ட்' 2023இல் பெர்லின் திரைப்பட விழாவில் தங்கக் கரடி விருது பெற்றது. அதில் யார் நோயாளி, யார் ஊழியர் என்று பல இடங்களில் சட்டென்று சொல்ல முடியாது.

---

மதுமிதா

இருமுனைக் கோளாறு உள்ளவள். இரண்டு முறை உள்நோயாளியாக இருந்திருக்கிறேன். இந்த இழையில் நோயாளியைப் பற்றி எல்லாரும் பேசிவிட்டீர்கள், அதனால் எழுதுகிறேன்.

ஒப்புதல் என்பதை ஒருநாள் கையெழுத்தாகப் பேசுகிறீர்கள். மனம் ஏறிய நிலையில் இருந்தபோது என்னிடம் கேட்டிருந்தால் நான் உலகத்துக்கே பேட்டி கொடுத்திருப்பேன். மிகுந்த உற்சாகத்தோடு, மிகத் தெளிவான குரலில், எதற்கு ஒப்புக்கொள்கிறேன் என்று தெரியாமல். இறங்கிய நிலையில் கேட்டிருந்தால், மறுப்பதற்கே தெம்பு இல்லாமல் தலையாட்டியிருப்பேன். இரண்டுமே கையெழுத்துதான். அதற்காக மனநோயாளியிடம் ஒப்புதல் கேட்பதே வீண், குடும்பத்திடம் கேட்டால் போதும் என்று யாரும் முடிவு கட்டிவிட வேண்டாம். என் குடும்பம் என் பேரைச் சொல்லவே கூச்சப்பட்ட நாட்கள் உண்டு. அவர்களிடம் கேட்டால் எப்போதும் 'வேண்டாம்' என்பார்கள். அது எனக்காக இருக்காது.

கேட்க வேண்டும், சில வாரம் கழித்து மறுபடி கேட்க வேண்டும், தொகுத்ததைக் காட்டி மீண்டும் கேட்க வேண்டும், வெளியாவதற்கு முன் 'எடுத்துவிடுங்கள்' என்றால் எடுத்துவிட வேண்டும். தயாரிப்பாளருக்கு இது கஷ்டம். கஷ்டமாகத்தான் இருக்க வேண்டும்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். பிரெஞ்சு இயக்குநர் ரேமோன் தெபார்தோனின் '12 நாட்கள்' படத்தை எல்லாரும் புகழ்கிறார்கள். பிரான்ஸில் ஒருவரை அவர் விருப்பமில்லாமல் சேர்த்தால், பன்னிரண்டு நாட்களுக்குள் நீதிபதி முன் நிறுத்த வேண்டும் என்பது 2013ஆம் ஆண்டின் சட்டம். லியோன் நகர மருத்துவமனையில் நடந்த அந்த விசாரணைகளை எடுத்திருக்கிறார். அதில் ஓர் இளைஞர் தன் அப்பாவைப் பற்றி அன்பாகப் பேசுகிறார். அவருக்குத் தகவல் சொல்ல வேண்டும் என்கிறார். அந்த இளைஞர் அறையை விட்டுப் போன பிறகுதான், அந்த அப்பாவைக் கொன்றதே அவர்தான் என்று நமக்குத் தெரிகிறது. நான் பார்த்த அரங்கில் எல்லாரும் 'ஐயோ' என்று ஒரே மூச்சில் சொன்னார்கள். எனக்கு உடம்பு கூசியது. அந்த 'ஐயோ' அவர் முதுகுக்குப் பின்னால் எடுக்கப்பட்டது.

---

கதிரவன்

மதுமிதா, அந்தக் காட்சியைப் பற்றி நீங்கள் சொல்வதோடு முழுதாக ஒத்துப்போக முடியவில்லை. விசாரணை நடந்த வரிசையே அப்படி. அவர் போன பிறகுதான் அந்தப் பேச்சு அறையில் எழுகிறது. தெபார்தோன் மூன்று கேமராக்களை நிலையாக வைத்தார். ஒன்று நோயாளியை, ஒன்று நீதிபதியை, ஒன்று அறை முழுவதையும் பார்க்கும். நோயாளியும் நீதிபதியும் திரையில் ஒரே அளவில், ஒரே மட்டத்தில் வருகிறார்கள். பெயர்களையும் மாற்றியிருக்கிறார். அதிகாரம் ஒரு பக்கமே குவிந்த அறையில் இதைவிட நியாயமாக எப்படி எடுப்பது?

ஆனால் அந்தக் காட்சியை வைத்துக்கொள்வதா விடுவதா என்பது வரிசைப்படி நடந்தது என்பதால் தீர்ந்துவிடாது. என்னிடம் அந்தத் துண்டு வந்திருந்தால் வைத்திருப்பேன். நீங்கள் எழுதியதைப் படித்த பிறகும் வைத்திருப்பேன் என்றே நினைக்கிறேன், கை தயங்கியிருக்கும்.

சீன இயக்குநர் வாங் பிங்கின் 'ஃபெங் ஐ' இந்தப் பேச்சில் வர வேண்டும். 2013, ஏறத்தாழ நான்கு மணி நேரம். யுன்னான் மாகாணத்து மருத்துவமனை ஒன்றில் முற்றத்தைச் சுற்றிக் கம்பிபோட்ட தாழ்வாரம். நாலு பக்கமும் சுற்றி வந்தால் புறப்பட்ட இடத்துக்கே வந்துவிடலாம், அவ்வளவுதான் உலகம். இரவில் ஒருவர் அந்தத் தாழ்வாரத்தில் ஓட ஆரம்பிக்கிறார். கேமராவும் பின்னாலேயே ஓடுகிறது, ஒளிப்பதிவாளரின் மூச்சுவாங்கல் கேட்கும் அளவுக்கு. ஒவ்வொருவருக்கும் பெயரும், எத்தனை ஆண்டுகளாக உள்ளே இருக்கிறார் என்பதும் மட்டும் எழுத்தில் வரும். என்ன நோய் என்று வராது. முருகையன் சொன்ன அந்த வயலினுக்கு நேர் எதிரான படம் இது.

---

சரோஜா

மதுமிதா கண்ணு சொல்வதுதான் சரி. மாத்திரை மாற்றிய முதல் வாரத்தில் நாக்கு குழறும், கை நடுங்கும், எச்சில் வழியும். அது பெரும்பாலும் மருந்தின் விளைவு. கேமரா அதைத்தான் நோய் என்று காட்டும். பார்ப்பவர்களும் அப்படியே நம்புவார்கள். படம் எடுக்க வருபவர்கள் இந்த ஒன்றையாவது வார்டு செவிலியரிடம் கேட்டுத் தெரிந்துகொண்டால் நல்லது.

ஏர்வாடியை இங்கே யாரும் சொல்லவில்லை. 2001 ஆகஸ்ட் 6. சங்கிலியில் பிணைக்கப்பட்டிருந்த மனநோயாளிகள் 28 பேர் தீயில் கருகினார்கள். எரியும்போது ஓட முடியவில்லை. சங்கிலியும் கையுமாக எத்தனையோ படங்கள் அதற்குப் பிறகு வந்தன. இறந்தவர்கள் யார், எந்த ஊர், என்ன வேலை பார்த்தவர்கள், யார் கொண்டுவந்து விட்டார்கள் என்று தேடிப்போய் எடுத்த படத்தை நான் இன்னும் பார்க்கவில்லை. யாராவது எடுத்திருந்தால் சொல்லுங்கள்.

---

இளங்கோ

'டிடிகட் ஃபாலிஸ்' படத்தில் இன்னொருவர் இருக்கிறாரே, அவரைப் பற்றிப் பேசாமல் முடிக்கக் கூடாது. பரிசோதனைக்காக வந்தவன் நான், இங்கே இருப்பதால்தான் எனக்குக் கெடுதல், என்னைச் சிறைக்கே திருப்பி அனுப்புங்கள் என்று மருத்துவர் குழுவிடம் வாதாடுபவர். வரிசையாக, காரணத்தோடு பேசுகிறார். அவர் பேசப் பேச, அந்தத் தெளிவே நோயின் அறிகுறியாகக் கொள்ளப்படுகிறது. அவரை வெளியே அனுப்பிவிட்டு மருந்தின் அளவைக் கூட்ட முடிவு செய்கிறார்கள். அவருக்கு ஆடை இருக்கிறது, அடி விழவில்லை, சிகரெட் சாம்பல் இல்லை. எனக்குப் படத்திலேயே மிகக் கொடூரமான காட்சி அதுதான். முகத்தை மறைத்து, குரலை மாற்றி இதைக் காட்டியிருந்தால், அவர் சொல்வது நியாயமா என்று நாம் முடிவு செய்ய வழியே இருந்திருக்காது.

அவர் அங்கே சாட்சி. ஆசிரியர் அப்படியல்ல, அவர் சாட்சி சொல்லும் நிலையிலேயே இல்லை. இருவருக்கும் ஒரே விதியை வைக்க முடியாது என்பது என் எண்ணம்.

---

முருகையன்

அண்ணனிடம் நேற்று இந்த இழையைப் பற்றிச் சொன்னேன். இப்போது வீட்டில்தான் இருக்கிறார், மாத்திரை ஒழுங்காகப் போகிறது. "எடுக்கட்டும், ஆனால் நான் பேசியதை வெட்டக் கூடாது" என்றார். பிறகு, "சட்டை நான் எடுத்துப் போட்டுக்கொள்வேன்" என்றார்.

---

பூங்குழலி

செயற்குழுவில் பேசினேன். 'டிடிகட் ஃபாலிஸ்' காலையில், முழுதாக, எதையும் வெட்டாமல். சுவரொட்டியிலும் முகநூல் அறிவிப்பிலும் அந்த ஆசிரியரின் படத்தைப் போடுவதில்லை. இதுவரை எல்லாச் சங்கங்களும் அதைத்தான் போட்டிருக்கின்றன. மதியம் சோடாவின் படம். தடை நடந்த வரலாற்றை இளங்கோ சார் ஒரு பக்கத்தில் எழுதித் தந்தால் அச்சடித்துக் கொடுப்போம். சரோஜா அம்மாவும் மதுமிதாவும் பேச வர முடியுமா? போக்குவரத்துச் செலவு எங்களுடையது.

---

மதுமிதா

வருகிறேன். ஆனால் படம் முடிந்த பிறகு பேச மாட்டேன், தொடங்குவதற்கு முன்பே பேசுவேன். முடிந்த பிறகு மேடையேறினால் எல்லாரும் என் முகத்தில் அந்த ஆசிரியரைத் தேடுவார்கள். முன்னால் பேசிவிட்டால், படத்தில் அவர் வரும்போது ஒரு சிலராவது என்னோடு பேசியது நினைவில் இருக்க அவரைப் பார்ப்பார்கள். பதினைந்து நிமிடம் போதும். என் பெயரை முழுதாகவே போடலாம். புகைப்படம் எடுப்பதென்றால் எடுத்ததை எனக்குக் காட்டிவிட்டு வெளியிடுங்கள்.

---

சரோஜா

நானும் வருகிறேன். வியாழக்கிழமையாக மட்டும் இருக்க வேண்டாம், அன்று பேத்தியைப் பள்ளியிலிருந்து அழைத்து வர வேண்டும்.